ஏலியன் (1979) எப்படி உருவானது? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

1979ஆம் ஆண்டு மே 25ஆம் நாள் அமெரிக்காவில் வெளியான ‘ஏலியன்’ படத்தின் வடிவமைப்பு, செட் வேலை, படப்பிடிப்பு ஆகியவை குறித்து எழும் கேள்விகளுக்கான விடைகளை இங்கே தொகுத்திருக்கிறேன். கதையின் முக்கியத் திருப்பங்கள் பேசப்படுவதால், படத்தைப் பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வந்து படிப்பது நல்லது.

படத்தின் கதை என்ன?

‘நாஸ்ட்ரோமோ’ என்ற சரக்குக் கப்பல், கனிமச் சுத்திகரிப்பு ஆலை ஒன்றை இழுத்துக்கொண்டு பூமிக்குத் திரும்பிக்கொண்டிருக்கிறது. அதில் 7 ஊழியர்களும் ஒரு பூனையும் இருக்கிறார்கள். வழியில் கிடைக்கும் ஒரு சமிக்ஞையைத் தேடி ஆளில்லாத கோள் ஒன்றில் இறங்குகிறார்கள். அங்கே சிதைந்து கிடக்கும் வேற்றுலகக் கப்பலுக்குள் முட்டைகள் இருக்கின்றன. ஒரு முட்டையிலிருந்து வெளிவரும் உயிர் ஊழியர் ஒருவரின் முகத்தைக் கவ்விக்கொள்கிறது. பிறகு அவருடைய மார்பைப் பிளந்துகொண்டு வெளியேறும் குட்டி, கப்பலுக்குள்ளேயே வளர்ந்து ஒவ்வொருவராகக் கொல்லத் தொடங்குகிறது. கதை இவ்வளவுதான். இந்த எளிய கதையை நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாக மக்கள் மறக்காமல் வைத்திருப்பதற்கு அதன் உருவாக்கமே முதன்மைக் காரணம் என்பது என் உறுதியான எண்ணம்.

இந்தக் கதையை எழுதியவர் யார்? எந்தச் சூழலில் எழுதினார்?

எழுதியவர் டான் ஓபானன். கதையை அவரோடு சேர்ந்து உருவாக்கியவர் ரொனால்ட் ஷூசெட். ஓபானன் இதற்கு முன் ஜான் கார்பென்டரோடு இணைந்து ‘டார்க் ஸ்டார்’ (1974) என்ற குறைந்த செலவு விண்வெளி நகைச்சுவைப் படத்தில் பணியாற்றியிருந்தார். அதில் வந்த வேற்றுலக உயிர், வண்ணம் பூசிய ஒரு கடற்கரைப் பந்து. அதைப் பார்த்துச் சிரித்த பார்வையாளர்களை அடுத்த முறை நடுங்க வைக்க வேண்டும் என்ற எண்ணம் அவருக்குள் அப்போதே வேரூன்றியது.

பின்னர் அலெஹாந்த்ரோ ஹோடரோவ்ஸ்கி திட்டமிட்டிருந்த ‘டியூன்’ படத்துக்காக அவர் பாரிஸுக்குச் சென்றார். படம் பாதியிலேயே கைவிடப்பட்டது. கையில் காசில்லாமல் அமெரிக்கா திரும்பிய ஓபானன், ஷூசெட் வீட்டுச் சோபாவில் படுத்துக்கொண்டு புதிய திரைக்கதையை எழுதினார். ஆனால் பாரிஸில் அவர் சந்தித்த மூன்று ஓவியர்கள், அதாவது சுவிட்சர்லாந்தின் எச். ஆர். கீகர், இங்கிலாந்தின் கிறிஸ் ஃபாஸ், ‘மோபியஸ்’ என்ற பெயரில் வரைந்த பிரெஞ்சுக்காரர் ழான் ஜிரோ ஆகியோர், அவர் மனத்தில் தங்கிவிட்டார்கள். மூவருமே பின்னர் இந்தப் படத்துக்குள் வந்தார்கள். கைவிடப்பட்ட ஒரு படம் இன்னொரு படத்துக்கு இவ்வளவு கொடுத்துவிட்டுப் போனது அரிதான நிகழ்வு.

திரைக்கதைக்கு முதலில் ‘ஸ்டார் பீஸ்ட்’ என்று பெயரிடப்பட்டிருந்தது. தயாரிப்பாளர்கள் டேவிட் கைலரும் வால்டர் ஹில்லும் அதைத் திருத்தி எழுதியபோதுதான், ஊழியர்களில் ஒருவரான ஆஷ் மனித உருவில் இருக்கும் எந்திரம் என்ற திருப்பம் சேர்ந்தது.

ரிட்லி ஸ்காட் எப்படி இயக்குநரானார்?

ஸ்காட் லண்டன் ராயல் காலேஜ் ஆஃப் ஆர்ட்டில் படித்தவர். பல ஆண்டுகள் விளம்பரப் படங்கள் எடுத்தவர். 1977இல் வந்த அவருடைய முதல் திரைப்படம் கான் விழாவில் சிறந்த முதல் படத்துக்கான விருது பெற்றது. இயக்கும் பொறுப்பை ஏற்றதும் அவர் காட்சிகளைத் தாமே ஒவ்வொன்றாகப் படமாக வரைந்து ட்வென்டியத் செஞ்சுரி ஃபாக்ஸ் நிறுவனத்தாரிடம் காட்டினார். அந்த வரைபடங்களைப் பார்த்த நிறுவனம் 42 லட்சம் டாலராக இருந்த செலவுத் திட்டத்தை 84 லட்சமாக உயர்த்தியது. சொல்லால் வாதாடிப் பெற முடியாத பணத்தை அவருடைய பென்சில் பெற்றுத் தந்தது.

மனிதரின் கப்பலையும் வேற்றுலகக் கப்பலையும் ஏன் வெவ்வேறு கலைஞர்கள் வடிவமைத்தார்கள்?

இந்தப் படத்தின் உயிர்நாடி இந்த முடிவில்தான் இருக்கிறது. மனிதர் செய்த பொருள்களை முக்கியமாக ரான் காப் என்ற அமெரிக்க ஓவியர் வடிவமைத்தார். வேற்றுலகம் சார்ந்த அனைத்தும் கீகரிடம் விடப்பட்டன. ஒருவர் கை மற்றவர் வேலையில் கலக்காதபடி பார்த்துக்கொண்டார்கள்.

காப் ஒரு பொறியாளரைப் போலச் சிந்திப்பவர். இந்தக் குழாய் எதற்கு, இந்தக் கதவு எந்தப் பக்கம் திறக்கும், எரிபொருள் எங்கே இருக்கும் என்ற கேள்விகளுக்கு விடை கிடைக்காமல் அவர் கோடு போடமாட்டார். கப்பலுக்குள் அழுத்தக் கதவு, செயற்கை ஈர்ப்பு, குளிர் அறை போன்றவற்றைக் குறிக்க, நம் ரயில் நிலையப் பலகைகளில் இருப்பதைப் போன்ற சிறு குறியீட்டுப் படங்களின் தொகுப்பு ஒன்றையே அவர் உருவாக்கினார். படத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்தால் அவை சுவர்களில் ஒட்டியிருப்பது தெரியும். அந்த உயிரைச் சுட்டுக் கொன்றுவிடலாமே என்ற எளிய கேள்விக்கு விடையாக, அதன் இரத்தம் உலோகத்தையும் அரிக்கும் அமிலமாக இருக்கட்டும் என்ற யோசனையைத் தந்தவரும் காப்தான்.

கீகரின் உலகம் இதற்கு நேர் எதிரானது. எலும்பும் எந்திரமும், தசையும் குழாயும் எங்கே பிரிகின்றன என்று சொல்ல முடியாத ஓவியங்கள் அவருடையவை. அவருடைய ‘நெக்ரோனோமிகான்’ ஓவியத் தொகுப்பைப் புரட்டிய ஸ்காட், ‘நெக்ரோனோம் 4’ என்ற 1976ஆம் ஆண்டு ஓவியத்தைக் கண்டதும் தம் படத்தின் உயிர் இதுதான் என்று தீர்மானித்தார்.

ஒரே கலைஞர் இரண்டையும் வரைந்திருந்தால் இரண்டுக்கும் ஒரே கையெழுத்து வந்திருக்கும். இங்கே அப்படி நேரவில்லை. ஸ்பேனரால் பழுதுபார்க்கக்கூடிய ஓர் உலகத்துக்குள், செய்யப்பட்டதா வளர்ந்ததா என்றே தெரியாத ஒன்று நுழைகிறது. அச்சம் அந்தப் பொருந்தாமையிலேயே பிறந்துவிடுகிறது. உயிர் வாயைத் திறக்கும்வரை காத்திருக்க வேண்டியதில்லை.

நாஸ்ட்ரோமோ கப்பலின் உட்புறம் எப்படிக் கட்டப்பட்டது?

படப்பிடிப்பு 1978 ஜூலை முதல் அக்டோபர் வரை இங்கிலாந்தின் ஷெப்பர்டன் ஸ்டுடியோவில் நடந்தது. தயாரிப்பு வடிவமைப்பாளர் மைக்கேல் சீமோர். கலை இயக்குநர்களான ரோஜர் கிறிஸ்டியனும் லெஸ் டில்லியும் ‘ஸ்டார் வார்ஸ்’ படத்தில் பணியாற்றி ஆஸ்கர் பெற்றவர்கள். உடைத்துப் போட்ட பழைய விமானங்களின் பாகங்களை வாங்கிவந்து, சுவர்களிலும் கூரைகளிலும் பொருத்தி, ஒரே வண்ணம் பூசி, பிறகு அழுக்கேற்றிப் பழசாக்கும் முறை அவர்களுக்குக் கைவந்த கலை. மரத்தையும் அட்டையையும் வைத்துப் புதிதாகச் செய்த எந்தப் பொருளுக்கும் இந்த நம்பகத்தன்மை வராது. ஏனெனில், விமானத்தின் ஒரு துண்டில் இருக்கும் ஒவ்வொரு திருகும் துளையும் ஏதோ ஒரு காரணத்துக்காகவே அங்கே இருக்கும். அந்தக் காரணம் நமக்குத் தெரியாவிட்டாலும் கண் அதை உணர்ந்துகொள்கிறது.

கப்பலின் தளங்கள் ஒவ்வொன்றும் அறைகளும் நடைபாதைகளும் ஒன்றோடொன்று இணைந்த ஒரே செட்டாகக் கட்டப்பட்டன. நடைபாதைகளுக்குத் தாழ்வான கூரையும் உண்டு. பொதுவாக விளக்குகளை மேலே தொங்கவிடுவதற்காக செட்டின் கூரையைத் திறந்தே வைப்பார்கள். இங்கே அதற்கு வழியில்லாததால், ஒளிப்பதிவாளர் டெரெக் வான்லின்ட் சுவரிலும் பலகைகளிலும் பதிந்த விளக்குகளையே பெரிதும் நம்பினார். நடிகர்களும் ஓர் அறையிலிருந்து இன்னோர் அறைக்குச் செல்ல அந்தக் குறுகிய நடைபாதைகளின் வழியாகத்தான் நடக்க வேண்டியிருந்தது. திரையில் நாம் காணும் மூச்சுமுட்டலில் ஒரு பகுதி அவர்கள் உண்மையிலேயே அனுபவித்தது.

படத்தின் தொடக்கத்தில், ஊழியர்கள் இன்னும் உறக்கத்தில் இருக்கும்போது, ஆளில்லாத சாப்பாட்டு மேசையை கேமரா காட்டும். அங்கே, தண்ணீர் குடிப்பதுபோல் தலையைத் தாழ்த்தி நிமிர்த்தும் பறவைப் பொம்மைகள் ஆடிக்கொண்டிருக்கும். நம் ஊர்த் திருவிழாக் கடைகளிலும் ஒரு காலத்தில் கிடைத்த பொம்மைதான் அது. இங்கே வாழ்பவர்கள் வீரர்களோ விஞ்ஞானிகளோ அல்லர், நீண்ட தூரம் வண்டி ஓட்டும் தொழிலாளர்கள் என்பதை ஒரு வசனமும் இல்லாமல் அந்தப் பொம்மை சொல்லிவிடுகிறது.

கீகர் என்னென்ன பொருள்களைக் கொண்டு வேலை செய்தார்?

அவர் ஷெப்பர்டனுக்கே வந்து தங்கித் தம் கையாலேயே பல உருவங்களைச் செய்தார். பிளாஸ்டிசின் களிமண், உண்மையான எலும்புகள், எந்திரக் குழாய்கள், கம்பிகள் ஆகியவற்றை ஒன்றாகச் சேர்த்து உருவம் வார்ப்பது அவர் முறை. உயிரின் தலைப்பகுதியில், முகத்துக்கு அடியில், ஒரு மண்டையோட்டின் வடிவமும் உண்டு. மேலே வழவழப்பான, ஒளி ஊடுருவும் கவிகை மூடியிருப்பதால் அது மங்கலாகவே தெரியும். மூல ஓவியத்தில் இருந்த கண்களைக் கீகர் எடுத்துவிட்டார். எங்கே பார்க்கிறது என்று தெரியாத ஒன்றிடமிருந்து எப்படி ஒளிந்துகொள்வது என்ற திகில், அந்த ஒரு நீக்கத்தினால் வந்தது.

வேற்றுலகக் கப்பலில் நாற்காலியோடு உறைந்திருக்கும் அந்தப் பெரிய உருவம் உண்மையிலேயே கட்டப்பட்டதா?

ஆம். அது 26 அடி உயரம் கொண்டது. ஒரே காட்சிக்காக இவ்வளவு செலவா என்று நிறுவனம் தயங்கியது. அதை விட்டுவிடக் கூடாது என்று படக்குழு வாதாடியது. செலவைக் குறைக்கச் சுற்றுச் சுவரின் ஒரு பகுதியை மட்டும் கட்டி, உருவத்தை ஒரு சுழலும் தட்டின்மேல் வைத்து, கோணத்துக்கு ஏற்பத் திருப்பிக்கொண்டார்கள். பிறகு நாற்காலியை அகற்றிவிட்டு, அதே செட்டை முட்டைகள் இருக்கும் குகையாக மாற்றினார்கள்.

இன்னும் பெரிதாகக் காட்டுவதற்கு ஓர் எளிய உத்தியையும் கையாண்டார்கள். தொலைவுக் காட்சிகளில், ஸ்காட்டின் இரண்டு மகன்களுக்கும் ஒளிப்பதிவாளரின் பிள்ளைக்கும் சிறிய அளவு விண்வெளி உடைகளைத் தைத்துப் போட்டு, நடிகர்களுக்குப் பதிலாக நிற்க வைத்தார்கள். மனித உருவம் சிறுத்ததும் செட் தானாகப் பெருத்துவிட்டது.

அந்த விண்வெளி உடைகள் ஏன் அவ்வளவு பருமனாக இருக்கின்றன?

மோபியஸ் வரைந்த வடிவங்களை உடை வடிவமைப்பாளர் ஜான் மோலோ தைத்து உருவாக்கினார். பழைய போர்க் கவசத்தின் சாயல் அவற்றில் தெரியும். பஞ்சு வைத்துத் தைத்த கனமான உடை, உள்ளே நைலான், காற்று போக வழியில்லை. கோடைக்காலப் படப்பிடிப்பில் நடிகர்கள் மயங்கும் நிலைக்கு வந்ததால், ஆக்சிஜனோடு செவிலியர்கள் அருகிலேயே நிற்க வேண்டியிருந்தது. மேலே சொன்ன குழந்தைகளும் வெப்பத்தில் மயங்கிய பிறகுதான் உடைகள் திருத்தப்பட்டன. படத்தை எவ்வளவு நேசித்தாலும், நடிகர்கள் சொன்னபோதே செய்திருக்க வேண்டிய திருத்தம் இது என்று சொல்லாமல் இருக்க முடியவில்லை.

முட்டைக்குள் அசைவது என்ன?

முட்டை ஃபைபர்கிளாஸால் ஆனது. மேல் இதழ்கள் ஹைட்ராலிக் விசையால் விரியும். உள்ளே தெரியும் சவ்வுகள் இறைச்சிக் கடையிலிருந்து வாங்கிய மாட்டுக் குடலும் இரைப்பையும். வெளிப்புற விளக்கொளியில் முட்டைக்குள் ஏதோ துடிப்பது நிழலாகத் தெரியுமே, அது ரப்பர் கையுறை அணிந்த ரிட்லி ஸ்காட்டின் கைகள்.

முட்டைகளுக்கு மேல் மூடுபனிபோல் பரவியிருக்கும் நீல ஒளித் தளம் லேசர் கருவியால் வந்தது. ‘தி ஹூ’ என்ற ராக் இசைக்குழு தன் மேடை நிகழ்ச்சிக்காகப் பக்கத்து அரங்கில் அந்தக் கருவியைச் சோதித்துக்கொண்டிருந்தது. அதைக் கடனாகப் பெற்று, புகையின்மேல் பாய்ச்சினார்கள்.

முகத்தைக் கவ்வும் உயிரைச் செய்தவர் ரோஜர் டிக்கன். அது இறந்த பிறகு ஆஷ் அதைக் குத்திப் பரிசோதிக்கும் காட்சியில் உள்ளே தெரிபவை சிப்பிகளும் ஆட்டுச் சிறுநீரகமும். விளக்குகளின் வெப்பத்தில் அவை விரைவில் கெட்டுவிடும் என்பதால் அந்தக் காட்சியை வேகமாக முடிக்க வேண்டியிருந்தது.

மார்பு பிளக்கும் காட்சியில் நடிகர்களுக்கு எதுவுமே தெரியாதா?

இது பரவலாக உலவும் செய்தி, பாதிதான் உண்மை. நடிகர்கள் அனைவரும் திரைக்கதையைப் படித்தவர்கள். ஜான் ஹர்ட் நடித்த கேன் என்ற பாத்திரத்தின் மார்பிலிருந்து ஏதோ வெளிவரும் என்பது அவர்களுக்குத் தெரியும். எப்படி வரும், எவ்வளவு இரத்தம் தெறிக்கும் என்பது மட்டும் மறைக்கப்பட்டது.

ஏற்பாடு இப்படி இருந்தது. சாப்பாட்டு மேசையில் ஒரு துளை போட்டு, ஹர்ட் அதற்கு அடியில் உடலை மறைத்துக்கொண்டு, தலையும் கைகளும் மட்டும் மேலே தெரியும்படி சாய்ந்துகொண்டார். அவருடைய கழுத்துக்குக் கீழே ஒரு போலி மார்பைப் பொருத்தி, அதன்மேல் சட்டையை மாட்டினார்கள். மார்புக்குள் இறைச்சிக் கடையிலிருந்து வந்த உறுப்புகளும், செயற்கை இரத்தத்தைப் பீய்ச்சும் குழாய்களும் இருந்தன. பொம்மைக் குட்டியை ஒருவர் கீழேயிருந்து மேல்நோக்கித் தள்ள வேண்டும். இதைத் திரும்பத் திரும்ப எடுக்க முடியாது என்பதால் ஒரே நேரத்தில் பல கேமராக்கள் ஓடின.

நடிகர்கள் செட்டுக்குள் நுழைந்தபோது, கேமராவைச் சுற்றி நின்றவர்கள் மழைக்கோட்டு அணிந்திருந்ததையும், செட்டில் ஒரு துர்நாற்றம் நிறைந்திருந்ததையும் கண்டார்கள். முதல் முயற்சியில் குட்டி முட்டியது, சட்டை கிழியவில்லை. துணி மேடாக எழும்பி நின்றுவிட்டது. துணியைப் பிளேடால் மெலிதாக்கிவிட்டு மீண்டும் எடுத்தார்கள். என்ன வருகிறது என்று பார்க்க நடிகர்கள் தம்மையறியாமல் முன்னே குனிந்திருந்த அந்த நொடியில் இரத்தம் பீறிட்டது. லாம்பர்ட்டாக நடித்த வெரோனிகா கார்ட்ரைட்டின் முகத்தில் அது நேராகப் பட, அவர் அலறிக்கொண்டே பின்னால் சரிந்து விழுந்தார். அந்த அலறல் அப்படியே படத்தில் இருக்கிறது.

எனக்கு இந்தக் காட்சியில் மிகவும் பிடித்தது முதல் அதிர்வுக்கும் இரண்டாம் அதிர்வுக்கும் இடையில் வரும் அமைதி. சட்டையில் சிறிய இரத்தக் கறை தோன்றுகிறது, ஒருவரும் அசையவில்லை. வெடிப்பைவிட அந்த ஓரிரு நொடிகளே நம்மைக் கலங்கடிக்கின்றன.

குட்டியின் வடிவத்துக்குத் தூண்டுகோல் பிரான்சிஸ் பேகன் 1944இல் வரைந்த, சிலுவையின் அடியில் நிற்கும் மூன்று உருவங்களின் ஓவியம். கண்ணற்ற, வாய் மட்டுமே மிகுந்த அந்த உருவங்களை ஸ்காட் எடுத்துக்காட்டாகத் தந்தார்.

வளர்ந்த உயிரின் உடைக்குள் இருந்தவர் யார்?

போலாஜி படேஜோ. நைஜீரியாவின் லாகோஸில் 1953இல் பிறந்து, லண்டனில் வரைகலை படித்துக்கொண்டிருந்த மாணவர். உயரம் 6 அடி 10 அங்குலம். மெலிந்த உடல், மிக நீண்ட கைகால்கள். உடைக்குள் மனிதர் ஒருவர் இருக்கிறார் என்று யாரும் ஊகிக்க முடியாத உடலமைப்பைத் தேடிக்கொண்டிருந்த குழுவைச் சேர்ந்த ஒருவர், அவரை லண்டன் மதுக்கடை ஒன்றில் தற்செயலாகக் கண்டார். அவருடைய உடல் முழுவதையும் பிளாஸ்டரில் அச்செடுத்து, அந்த அளவுக்கு லேட்டக்ஸ் உடை செய்தார்கள். மெதுவாகவும் வழுக்கிக்கொண்டும் நகர்வதற்காக அவருக்குத் ‘தாய் ச்சி’ என்ற சீனப் பயிற்சிக் கலையும் ‘மைம்’ என்ற பேசா நடிப்பும் கற்பிக்கப்பட்டன. வால் இருந்ததால் நாற்காலியில் உட்கார முடியாது. ஓய்வெடுக்க அவருக்கென ஓர் ஊஞ்சலைத் தொங்கவிட்டார்கள். ஆபத்தான சில அசைவுகளைச் சண்டைக் கலைஞர்கள் செய்தார்கள்.

தலையின் எந்திர வேலை இத்தாலியரான கார்லோ ரம்பால்டியுடையது. உதடு சுருங்குவது, தாடை பிரிவது, வாய்க்குள்ளிருந்து இரண்டாவது வாய் பாய்வது ஆகியவற்றுக்காக அதில் சுமார் 900 அசையும் பாகங்கள் இருந்தன. தாடையின் தசைநார்களுக்கு ஆணுறைகளைக் கிழித்துப் பயன்படுத்தினார்கள். வழியும் உமிழ்நீர், மருத்துவமனைகளில் பயன்படும் கே-ஒய் ஜெல்லி.

படேஜோ வேறு எந்தப் படத்திலும் நடிக்கவில்லை. 1992இல் இளம் வயதிலேயே காலமானார். திரைப்பட வரலாற்றின் மிகப் புகழ்பெற்ற உருவங்களில் ஒன்றின் நடையும் தலைத் திருப்பலும் அவருடையவை. அவர் பெயர் இன்னும் பலருக்குத் தெரியாதது எனக்கு வருத்தம் தருகிறது.

உயிரை ஏன் இவ்வளவு குறைவாகக் காட்டுகிறார்கள்?

முழு உருவமும் நல்ல வெளிச்சத்தில் நின்றால் அது உடையணிந்த மனிதர் என்பது தெரிந்துவிடும் என்பதை ஸ்காட்டும் தொகுப்பாளர் டெர்ரி ராலிங்ஸும் அறிந்திருந்தார்கள். ஆகவே ஒரு கை, ஒரு பல்வரிசை, ஈரமான தலையின் ஒரு வளைவு என்று துண்டுதுண்டாகவே காட்டினார்கள். சங்கிலிகள் தொங்கும் அறையில், ஊழியர்களில் ஒருவராக நடித்த ஹாரி டீன் ஸ்டான்டன் பூனையைத் தேடிச் செல்லும் காட்சியில், உயிர் மேலே மடங்கித் தொங்கிக்கொண்டிருக்கும். அதைப் பார்த்தும் அறியாமல் எந்திரத்தின் ஒரு பகுதி என்று கடந்துவிடுவோம். காப்பின் குழாய்களுக்கும் கீகரின் குழாய்களுக்கும் இடையே படம் முழுதும் காக்கப்பட்ட எல்லை இந்த இடத்தில்தான் அழிகிறது. கடைசிப் பகுதியில், தப்பிச் செல்லும் சிறு கலத்தின் சுவரோடு சுவராக அது ஒட்டிக்கிடப்பதும் அப்படியே.

பூனை மருண்டு சீறும் காட்சிக்கு உயிரே தேவைப்படவில்லை. ஒரு திரைக்குப் பின்னால் ஜெர்மன் ஷெப்பர்ட் நாயை நிறுத்தி, திரையை விலக்கினார்கள்.

ஆஷின் துண்டிக்கப்பட்ட தலை எப்படிப் படமாக்கப்பட்டது?

அடித்து வீழ்த்தும் காட்சிக்குச் செயற்கைத் தலை. பேசும் காட்சிக்கு, மேசையின் துளை வழியே நீட்டிய, ஆஷாக நடித்த இயன் ஹோமின் சொந்தத் தலை. சுற்றிலும் வழிவது பால். உள்ளுறுப்புகளாகத் தெரிபவை பாஸ்தா, மீன்முட்டை, கண்ணாடிக் கோலிகள். சிவப்பு இரத்தத்துக்குப் பழகிய கண்ணுக்கு அந்த வெண்மை அருவருப்பை இன்னும் கூட்டுகிறது.

கப்பலின் வெளிப்புறக் காட்சிகள்?

அவை பிரே ஸ்டுடியோவில் பிரையன் ஜான்சன், நிக் ஆல்டர் ஆகியோரின் மேற்பார்வையில் மினியேச்சர் உருவங்களைக் கொண்டு எடுக்கப்பட்டவை. நாஸ்ட்ரோமோவின் மாதிரி முதலில் மஞ்சள் நிறத்தில் இருந்தது. நடிகர்களின் படப்பிடிப்பை முடித்துவிட்டு வந்த ஸ்காட், அதைச் சாம்பல் நிறமாக்கச் சொல்லி, மாதிரிகளின் வடிவத்திலும் பல மாற்றங்களைச் செய்தார். மாதக்கணக்கில் உழைத்தவர்களுக்கு அது எளிதாக இருந்திருக்காது.

இசையில் ஏதோ சிக்கல் என்கிறார்களே?

இசையமைப்பாளர் ஜெர்ரி கோல்ட்ஸ்மித் இந்தப் படத்துக்காக எழுதிய பல பகுதிகள் இடம் மாற்றப்பட்டன, அல்லது விடப்பட்டன. சில இடங்களில் அவரே 1962இல் ‘ஃப்ராய்ட்’ என்ற படத்துக்கு அமைத்த இசையையும், முடிவில் ஹோவர்ட் ஹான்சனின் இரண்டாவது சிம்பனியையும் சேர்த்தார்கள். கோல்ட்ஸ்மித் இதை விரும்பவில்லை. அவருடைய வருத்தம் நியாயமானது. ஆனாலும், எல்லாம் முடிந்து நாயகி ரிப்லியும் பூனையும் உறங்கும்போது ஒலிக்கும் ஹான்சனின் இசையை அகற்றிவிட்டு அந்த முடிவை என்னால் நினைத்துப் பார்க்க முடிவதில்லை.

விருதுகள் கிடைத்தனவா?

காட்சி விளைவுகளுக்கான ஆஸ்கர் கீகர், ரம்பால்டி, ஜான்சன், ஆல்டர், டெனிஸ் ஐலிங் ஆகிய ஐவருக்கும் சேர்த்து வழங்கப்பட்டது. கலை இயக்கத்துக்குப் பரிந்துரை மட்டுமே கிடைத்தது. 2002இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் தன் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இந்தப் படத்தைச் சேர்த்தது.

கீகரின் படைப்புகளை இன்று எங்கே காணலாம்?

சுவிட்சர்லாந்தின் குரூயேர் என்ற மலை ஊரில், பழைய கோட்டை மாளிகை ஒன்றில் 1998இல் அவர் தொடங்கிய அருங்காட்சியகம் இருக்கிறது. 2014இல் அவர் மறைந்த பிறகும் அது இயங்கிவருகிறது. அதை ஒட்டிய மதுக்கூடத்தின் கூரை முழுவதும் முதுகெலும்பு வடிவ வளைவுகளால் ஆனது. அங்கே நாற்காலியில் அமர்ந்து அண்ணாந்து பார்ப்பவருக்கு, ஷெப்பர்டனில் கட்டி, படம் முடிந்ததும் கலைத்துவிட்ட அந்தக் கப்பலின் உட்புறம் எப்படி இருந்திருக்கும் என்பது ஓரளவு புலப்படும்.